துவக்கு இல்லாத சண்டைகள்

எங்கள் அண்ணன் மாத்தளைத் தோட்டமொன்றின் லயத்து வரிசை வீட்டில் பிறந்தவர். டவுனுக்கு வந்து கராத்தே பழகினார். சிங்களச் சண்டைப் படங்களில் அடி வாங்கும் ஆளாகக் கொழும்புக்குப் போனவர், கதை எழுதி இயக்கும் டைரக்டராகத் திரும்பி வந்தார். இனக் கலவரத்தில் வீட்டோடு அவருடைய கதைக் கொப்பிகளும் எரிந்தன. "எழுதுனவன் எரியலையே" என்று மறுவாரமே புதுக் கொப்பி வாங்கினார்.

அண்ணனுக்கு இரங்கல் சொல்ல வந்தவர்கள் எல்லோரும் ஒன்றையே புகழ்ந்தார்கள்: துவக்கும் தோட்டாவும் காட்டாமல் சண்டைப் படம் எடுத்த கொள்கைவாதியாம். கொள்கையாவது மண்ணாங்கட்டியாவது! அதற்குக் காரணம் நான்.

அவருடைய படங்களுக்கு உடுப்புத் தைப்பதும் சாமான் பார்ப்பதும் என் வேலை. மரத் துவக்குகளின் நுனி, பொய் என்று தெரியும்படி, எப்போதும் சிவப்பாக இருக்க வேண்டும், கமராவுக்கு முன்னால் வந்த பிறகுதான் கறுப்பு பூச வேண்டும் என்பது அண்ணனின் கட்டளை. நாடு கெட்டுக் கிடந்த காலம். சீகிரியாப் பக்கம் படப்பிடிப்பு. காலையில் அவசரப்பட வேண்டாமே என்று முதல் நாளே ஆறு துவக்குக்கும் கறுப்பு பூசிவிட்டேன். அசல் போலவே இருக்கிறது என்று பெருமை வேறு.

தம்புள்ளைக்கு இந்தப் பக்கம் இராணுவத்தார் வேனை மறித்தார்கள். துவக்குகள் இருந்த சாக்கை அவிழ்த்த சிப்பாய் பின்வாங்கிக் கத்தினான். எங்களை ரோட்டில் முழங்காலில் நிறுத்தினார்கள். இவற்றைச் செய்தது யார் என்று அதிகாரி சிங்களத்தில் கேட்டார். என் நகக்கண்ணில் கறுப்பு இன்னும் போகவில்லை. தமிழ்ப் பெண் வேறு. கொண்டுபோயிருந்தால் திரும்பி வந்திருப்பேனா? நான் வாய் திறப்பதற்குள் எல்லாம் தன் வேலை என்று அண்ணன் சொல்லிவிட்டார். அவர் பிடரியில் அசல் துவக்கை வைத்தார்கள்.

அதிகாரி ஒரு துவக்கை எடுத்து முழங்காலில் அடித்து முறித்தார். உள்ளே வெள்ளை மரம். அதன் பிறகும் பொழுது சாயும் வரை அண்ணனை வெயிலில் நிறுத்தி வைத்தார்கள். எங்களைப் போகச் சொன்னபோது, அவர் இல்லாமல் வேன் ஓடாது என்று சாரதி சுமனபால சாவியைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார்.

திரும்பும் வழியில், எல்லோரிடமும் உண்மையைச் சொல்லிவிடுகிறேன் என்று அண்ணனிடம் அழுதேன்.

"வாயத் தொறக்காத தங்கச்சி. இனி நம்ம படத்துல துவக்கே வேணாம். கையும் காலும் போதும்."

சொன்னபடியே நின்றார். துவக்கு இல்லாத படம் ஓடாது என்று முதலாளிமார் விலகியபோதும் அசையவில்லை. சீனி வியாதிக்கு ஒரு காலைக் கொடுத்த பிறகும் கட்டிலில் இருந்தபடி சண்டைக் காட்சி எழுதினார். காரணம் கேட்பவர்களிடம் கொள்கை என்று சொல்லிச் சிரிப்பார். அப்போது என் பக்கம் திரும்பவே மாட்டார்.

கடைசி நாட்களில் அவரைத் தூக்கி இருத்திய அவருடைய கராத்தே மாணவர்களுக்கும், எங்கள் வீட்டுக்குச் சோறு சமைத்து அனுப்பிய அயலவருக்கும், பாடைக்குத் தோள் கொடுத்த சுமனபாலவுக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி.

அண்ணே, உங்களுக்கு மட்டும் நான் நன்றி சொன்னதே இல்லை. வாயைத் திறக்க வேண்டாம் என்றீர்கள். இன்று திறந்துவிட்டேன். கறுப்பு பூசியது நான்.

— தங்கை