வேகனில் போட்ட கோலம்

சங்கரன்கோவில் ஸ்டேஷனில், ஜல்லி ஏற்றிய வேகன்களின்மேல் சுண்ணாம்புத் தண்ணீர் தெளிப்பது முப்பிடாதியம்மாளின் வேலை. வழியில் யாராவது கல்லை அள்ளினால் வெள்ளை கலைந்து காட்டிக்கொடுத்துவிடும். பதினாறு வருஷமாக வேகன்மேல் ஏறி இறங்குகிறவள், ரயிலில் உட்கார்ந்து ஓர் ஊருக்கும் போனதில்லை.

எழுபத்தெட்டாம் வருஷ மார்கழியில் ஒரு விடியற்காலை. பனியில் மிதந்த கடைசி வேகன், கோலம் போட சொந்தமாக ஒரு வாசல் இல்லாத அவளுக்கு வாசலாகவே தெரிந்தது. தன்னை மறந்து, அதன்மேல் பெரிய தாமரைக் கோலம் போட்டுவிட்டாள்.

நாலாம் நாள் திரும்பி வந்த கூட்ஸ் கார்டு கத்தினார்: "என்ன காரியம்மா செஞ்சே? அங்கன கல்லு இறக்குத பொம்பளையாளு ஒருத்தியும் கோலத்துல கால் வைக்க மாட்டேன்னுட்டா! ஒருநாள் பூரா வேகன் சும்மா நிக்கி!"

அவள் தலையைக் குனிந்து ஏச்சு முழுவதையும் வாங்கிக்கொண்டாள். பேர்கூடத் தெரியாத ஏதோ ஓர் ஊரில், ஒருநாள் முழுக்க அவளுக்கும் ஒரு வாசல் இருந்திருக்கிறது.