அரிசிப் பெட்டிக்குள் செர்ரி

போன வருடம், ஜூன் முதல் சனிக்கிழமை. இத்தாலியின் பலெர்மோ நகரிலிருந்து ஒன்றரை மணி நேரத் தொலைவில், மலைக்கிராமம் ஒன்றில் நடந்தது.

பலெர்மோவில் பொலிதேயாமா அரங்குக்கு அருகே ஓர் இத்தாலிய அம்மாவின், சிஞ்ஞோராவின், வீட்டில் ஒன்பது வருடமாக வேலை செய்கிறேன். அந்தக் கிராமத்திலும் அவருக்கு ஒரு வீடும் ஆறு செர்ரி மரங்களும் உண்டு. ஒவ்வொரு வருடமும் முதல் பழம் பறித்துக் கொடுப்பது நான்தான். பூத்த நாளும் பறித்த நாளும் என் குறிப்பேட்டில் இருக்கின்றன.

அந்த வாரத் திங்கட்கிழமை, ஞாயிறன்று நடக்கும் தன் பேத்தியின் முதல் நற்கருணை விருந்துக்கு, வீட்டின் மற்ற வேலைக்காரி சனியன்று பழம் பறிக்கட்டும் என்றார் சிஞ்ஞோரா. அவள் மன்னாரிலிருந்து வந்தவள். வேலைக்குச் சேர்ந்து எட்டு மாதம். சிஞ்ஞோரா போகும் அதே தேவாலயப் பூசைக்குப் போகிறவள். நான் சைவம். எனக்கு வயிறு எரிந்தது. இனி அந்த வீட்டில் நான் இரண்டாம் ஆள்தான் என்று தோன்றியது.

புதன்கிழமை கிராமத்து வீட்டைத் துப்புரவாக்கத் தனியாகப் போனேன். நல்ல காய் இருந்ததே ஒரு மரத்தில்தான். கைக்கு எட்டிய கிளைகள் எல்லாவற்றையும் மொட்டையடித்தேன். பாதிச் சிவப்புத்தான். யாழ்ப்பாணத்தில் மாங்காயைப் பழுக்க வைப்பதுபோல் அந்த வீட்டு அரிசிப் பெட்டிக்குள் புதைத்தேன். சனிக்கிழமை அவள் ஏணி எடுக்குமுன் கனிந்த பழத்தை நீட்டிவிடலாம் என்பது என் கணக்கு.

சனி காலை எல்லோரும் அங்கே போனோம். பெட்டியைத் திறந்தால் அதே வெளிறிய நிறம். காம்பு காய்ந்து, தோல் சுருங்கியிருந்தது. மறைக்க நேரமில்லை, அவள் பின்னால் நின்றாள். ஒன்றை எடுத்துக் கடித்து, முகத்தைச் சுளித்தாள்.

“அக்கா, இது மாங்காய் இல்லை. மரத்திலை பழுத்தால்தான் உண்டு. பிடுங்கினால் அதோடை சரி.”

சிஞ்ஞோராவிடம் போய்ச் சொல்லப்போகிறாள் என்று நினைத்தேன். “ஏணியைப் பிடியுங்கோ” என்றாள். எனக்கு எட்டாத உச்சிக் கிளைகளில் இரண்டு மணி நேரம் ஏறி நின்று, ஒரு கூடை நிறையக் கறுஞ்சிவப்புப் பழம் பறித்தாள். இறங்கி வந்து கூடையை என் கையில் வைத்தாள்.

“வருசா வருசம் நீங்கள்தானே குடுக்கிறனீங்கள். நீங்களே குடுங்கோ. அந்தப் புளிக்காயைச் சீனி போட்டுக் காய்ச்சுவம்.”

கூடையைக் கொடுத்ததும் சிஞ்ஞோரா என்னை இரண்டு கன்னத்திலும் முத்தமிட்டார். அவள் அடுப்படியில் சீனி கிண்டிக்கொண்டிருந்தாள்.

அவளுடைய இடத்தின் மேல் இருந்த பொறாமை அன்றோடு போய்விட்டது. அப்படித் தூக்கிக் கொடுக்கிற அவள் மனத்தின் மேல் வந்த பொறாமை இன்னும் போகவில்லை, போகவும் வேண்டாம்.