கடைசி ரீலுக்கு ஒரு கார்டு

எண்பதுகளின் தொடக்கத்தில் சேலத்தில் வெளிநாட்டுப் படம் பார்க்கிறேன் என்று சொன்னால் ஒரு மாதிரியாகப் பார்ப்பார்கள். எங்கள் திரைப்படச் சங்கத்திலேயே அந்த ஒரு மாதிரி ஆசையோடு சந்தா கட்டிச் சேர்ந்தவர்கள் உண்டு. திரையில் ஒரு கிழவி அரை மணி நேரம் ஆடு தேடுவதைப் பார்த்த பிறகு அவர்கள் வரவில்லை. நல்லதாகப் போயிற்று, நாற்காலி மிச்சம்.

எங்களுடையது நேர்வழி. செயலாளர் நான்தான்; தூதரகங்களுக்குக் கடிதம் எழுதுவேன். சென்னையிலிருந்து தகரப் பெட்டியில் மூன்று ரீல்கள் ரயில் பார்சலில் வரும். அஸ்தம்பட்டியில் ஒரு பள்ளிக்கூட ஹாலில் மாதம் ஒரு ஞாயிறு மாலை ஐந்தரைக்கு உறுப்பினர்களுக்கு மட்டும் ஒரே காட்சி. மறுநாள் பெட்டி அடுத்த ஊருக்குப் போய்விடும்.

எருமப்பட்டியிலிருந்து ஒரு விவசாயி இரண்டு பஸ் மாறி வருவார். சப்டைட்டிலை நான் விரட்டி விரட்டிப் படிப்பேன். அவரோ பழைய எஸ்.எஸ்.எல்.சி. இங்கிலீஷில் பாதியைப் படித்துவிட்டு மீதி நேரம் முகங்களைப் பார்ப்பார். “அந்தம்மா நெசமாவே பால் கறக்கறவங்க. வெரலைப் பாத்தீங்களா?” என்பார். நான் பார்த்திருக்க மாட்டேன். படம் பார்க்கத் தெரிந்தவர் எங்களில் அவர் ஒருவர்தான் என்று இப்போதும் சொல்வேன்.

ஆனால் அவர் ஒரு படத்தின் முடிவையும் பார்த்ததில்லை. அவருடைய மாடுகள் அவர் கைக்குத்தான் பால் விடும். விடிவதற்குள் வீட்டில் இருக்க வேண்டும். கடைசி பஸ்ஸைப் பிடிக்கக் கடைசி ரீலுக்கு முன் எழுந்துவிடுவார்.

“முடிவை ஒரு கார்டுல போட்டுடுங்க சாமி. ஊட்டுல அவளும் கேட்டுட்டே இருப்பா.”

பார்த்தவரை மனைவிக்குக் கதை சொல்வாராம். மிச்சத்துக்கு இருவரும் தபால்காரரை எதிர்பார்ப்பார்களாம். அந்தப் பெருமையில் நானும் மாதாமாதம் நுணுக்கி நுணுக்கி எழுதினேன்.

ஒரு படத்தில், பனி கொட்டும் ஊரில் ஒரு அப்பா தினமும் படகுத்துறைக்குப் போய் மகனுக்காகக் காத்திருப்பார். கடைசி ரீல் ஓடும்போது கரண்ட் போனது, வரவேயில்லை. முடிவை யாரும் பார்க்கவில்லை. அதை அப்படியே எழுதியிருக்கலாம். செயலாளர் என்ற கௌரவம் விடவில்லை. மகன் படகிலிருந்து இறங்கி வந்தான் என்று கார்டு முழுக்க அளந்துவிட்டேன்.

அடுத்த மாதம் அவர் என் கையைப் பிடித்துக்கொண்டு, “ரொம்ப நல்ல முடிவுங்க” என்றார். கூச்சமாக இருந்தது. ஆனாலும் தலையை ஆட்டினேன்.

மற்ற உறுப்பினர்கள் நச்சரித்ததில் மறு வருடம் அதே படத்தை மறுபடி வரவழைத்தேன். அவர்தான் கடைசி ரீலுக்கு முன் போய்விடுவாரே என்று தைரியம். ஆபரேட்டர் என்னைவிட நல்ல மனிதர். பாவம், ஒரு முடிவாவது பார்க்கட்டும் என்று விவசாயியை நாலரைக்கே வரச்சொல்லி, கடைசி ரீலை அவர் ஒருவருக்காக ஓட்டியிருக்கிறார். நான் உள்ளே நுழைந்தபோது திரையில் படகு காலியாக வந்து நின்றது. அந்த அப்பா வீட்டுக்குத் திரும்பி நடந்தார். படம் முடிந்தது.

மன்னிப்புக் கேட்டேன்.

“உங்களுக்குத் தெரியாதுங்க,” என்றார் கோபமே இல்லாமல். “எங்க பையன் போர்வெல் ரிக் வண்டியில வடக்க போனவன். மூணு வருசமாக் கடுதாசி இல்லீங்க. அவ உங்க கார்டைச் சாமி படத்துக்குப் பின்னால சொருவி வெச்சிருக்கறா.”

“வீட்டில் உண்மையைச் சொல்லிவிடுவீர்களா?”

“என்னால ஆகாதுங்க. சொல்லோணும்னா நீங்கதான் வரோணும்.”

பிறகு முதல் இரண்டு ரீல்களையும் புதுப்படம் போல் உட்கார்ந்து பார்த்துவிட்டு பஸ்ஸுக்குக் கிளம்பினார். நான் எருமப்பட்டிக்கு இன்றுவரை போகவில்லை.