எட்டின் தலையில் ஒரு சிறு கோடு

வட்டக்கச்சி டியூசன் கொட்டிலை விட்டு வாய்க்கால் கரையால் நடந்துகொண்டிருந்தேன். வகுப்பு இன்னும் முடியவில்லை. சுட்டிக் கணக்குச் சோதனையில் பத்தும் பிழை என்று படிப்பிக்கும் சேர் தாளைத் தந்த பிறகு அங்கே இருப்பதற்குக் காரணம் தெரியவில்லை. கணக்கு வந்தால் பள்ளிக்கூடம், வராவிட்டால் தன்னோடு நெல்லு வெட்டும் மெசினில் ஏறு என்று மாமா சொல்லியிருந்தார். அப்பா இல்லாத வீடு. அவர் சொன்னதில் பிழையில்லை. எனக்குப் பள்ளிக்கூடம்தான் விருப்பம். அதை யாரிடமும் சொன்னதில்லை.

மாமாவின் மகளும் என் வகுப்புத்தான். சைக்கிளில் பின்னால் வந்து இறங்கித் தாளைப் பறித்தாள். முதற் கணக்கில் எட்டின் தலையில் சுட்டியாக மூன்றில் இரண்டு, அதற்கு முன்னால் ஒரு கழித்தல் கோடு. நான் எழுதிய விடை மறை நான்கு, அதாவது கழித்தல் நான்கு.

ஏன் மறை என்று கேட்டாள். குளத்துத் தண்ணீர், வாய்க்காலுக்குத் திறந்துவிடும் துருசு வாசலுக்குக் கீழே இறங்கினால் எங்கள் ஆட்கள் கழித்தல் போட்டுத்தான் சொல்வார்கள், அந்தத் தண்ணீர் வயலுக்கு வராது, இதுவும் அப்படித்தானே என்றேன். அவள் சிரிக்கவில்லை. ஒரு தடியால் மணலில் எழுதினாள். பின்னத்தின் கீழே மூன்று, ஆகவே கனமூலம்: எட்டு இரண்டாகிறது. மேலே இரண்டு, ஆகவே வர்க்கம்: நான்கு. அந்தக் கோடு விடையைக் கீழே இறக்காது, தலைகீழாகத் திருப்பும். நான்கில் ஒன்று.

"பத்துப் பிழை இல்லை, விசரா. ஒரு பிழையைப் பத்துத் தரம் விட்டிருக்கிறாய்."

தடியை வாங்கி அடுத்ததை நானே செய்தேன். எண்பத்தொன்றின் தலையில் மறை நான்கில் மூன்று. நாலாம் மூலம் மூன்று, அதன் கனம் இருபத்தேழு, திருப்பினால் இருபத்தேழில் ஒன்று.

"வாவன், சேரிட்டைக் காட்டுவம்," என்றாள்.

நான் போகவில்லை. தாளில் சிவப்பால் போட்ட பூச்சியம்தான் விடை, மணலில் செய்தது கணக்கில் சேராது என்று நினைத்தேன். அவள் சைக்கிளைத் திருப்பிக்கொண்டு தனியே போனாள்.

அடுத்த நாள் காலை வயற்கரையில் மாமா மெசினை இயக்காமல் என்னைப் பார்த்தபடி நின்றார்.

"கணக்கு வராதோடா?"

"வராது மாமா."

சாக்குப் பிடிக்கும் வேலையைத் தந்தார். நான் பொய் சொன்னதாக எனக்குத் தோன்றவில்லை. கணக்கு அப்போது வந்துவிட்டிருந்தது. எனக்குத்தான் அது தெரியாது.