பேய் வீட்டைத் துடைத்தவன்

எண்பதுகளின் நடுப்பகுதி. சுவிட்சர்லாந்தின் தெற்கே, இத்தாலிய மொழி பேசுகிற லுகானோவில், ஏரிக்கரை ஹோட்டல் ஒன்றில் துப்புரவு வேலை செய்துகொண்டிருந்தேன். அகதி விண்ணப்பத்துக்கு முடிவு வராத காலம். வேலை போனால் நாட்டைவிட்டே அனுப்பிவிடுவார்கள் என்று பயந்திருந்தேன். நான் ஐந்தாம் வகுப்போடு நின்றவன், கூச்ச சுபாவம் வேறு. என்னோடு வேலை செய்த அண்ணை ஒருவர் முன்பு சிசிலியில் இருந்தவர். இத்தாலிய மொழியில் அவர்தான் எனக்கு வாய்.

ஹோட்டலின் பழைய பகுதியில் இத்தாலிய சினிமாக்காரர் படம் எடுக்கப் போகிறார்கள் என்று அறிந்திருந்தேன். ஒருநாள் காலை அந்தப் பக்கம் போனபோது கதவு திறந்திருந்தது. உள்ளே மாடிப்படி, நிலைக்கண்ணாடி, நாற்காலிகள், எங்கும் தூசியும் ஒட்டடையும். ஆட்கள் வருகிற இடம் இப்படியா கிடப்பது என்று எனக்கு வெட்கமாகிவிட்டது. யாரும் சொல்லாமலே வாளியும் துணியும் எடுத்துவந்து, மதியம் வரை ஒரு மூலை விடாமல் துடைத்தேன். ஒட்டடை பசைபோல் கையில் ஒட்டியது. சுவிஸ் சிலந்தி அப்படித்தான் போல என்று நினைத்துக்கொண்டேன்.

மதியம் அண்ணை ஓடி வந்தார்.

"டேய், என்னடா செய்தனி? இது பேய்ப்படமடா! பேய் வீட்டைப் போய்க் கழுவி வைச்சிருக்கிறாய். இனிப் பேய்தான் வந்து உனக்கு நன்றி சொல்லோணும்!"

அவருக்குப் பின்னால் நரைத்த தாடியோடு ஒருவர் வந்தார். படத்துக்கு வீடு, கோட்டை எல்லாம் அமைத்துக் கொடுக்கும் கலை இயக்குநர். மண்டபத்தைப் பார்த்தார். அப்படியே படியில் உட்கார்ந்துவிட்டார். மாலை படப்பிடிப்பு. நான் துடைத்த தூசியும் ஒட்டடையும் அவருடைய இரண்டு நாள் வேலை.

"எலி நக்கிப்போட்டுது எண்டு சொல்லட்டோ?" என்று அண்ணை கிசுகிசுத்தார்.

"வேண்டாம் அண்ணை. நான்தான் துடைச்சனான் எண்டு சொல்லுங்கோ."

அந்த மனிதர் என்னை ஏறிட்டுப் பார்த்தார். திட்டவில்லை. சாம்பல் நிறத் தூள் மூட்டையைப் பிரித்து, எங்கள் வீட்டில் மா அரிக்கிற அரிதட்டு போன்ற ஒன்றால் தூவத் தொடங்கினார். நான் சுவரோடு ஒட்டிக்கொண்டு நின்றேன். அவர் கண்ணாடியின் முகத்தில் தூளை அப்பியபோது என்னால் பொறுக்க முடியவில்லை.

"அண்ணை, தூசி அப்பிடி ஒட்டாது. மேல் சட்டத்திலதான் படியும். படியில எண்டால் மூலையில சேரும். நான் நாள் முழுக்கப் பாக்கிறனான்."

அண்ணை அதைத் தயங்கித் தயங்கி இத்தாலிய மொழியில் சொன்னார். கலை இயக்குநர் கண்ணாடியின் மேல் சட்டத்தை நிமிர்ந்து பார்த்தார். பிறகு அரிதட்டை என் கையில் தந்தார்.

நாங்கள் மூவரும் மண்டபத்தை மறுபடி அழுக்காக்கினோம். வேலைக்கிடையே அவர் தன் கதையைச் சொன்னார். முப்பது வருடம் மலிவுப் படங்களிலேயே கழிந்ததாம். அட்டையால் கோட்டை, சாந்தால் கல்லறை. ஒரு விண்கலத்துக்குப் பழைய சலவை இயந்திரத்தின் கதவுதான் ஜன்னல். "படம் முடிஞ்ச அடுத்த நாளே எல்லாத்தையும் உடைச்சுப் போடுவாங்களாம். தான் கட்டின ஒரு வீட்டிலயும் ஒருத்தரும் குடியிருக்கேல்லையாம்" என்றார் அண்ணை. அதைச் சொல்லும்போது அந்த மனிதர் சிரித்துக்கொண்டுதான் இருந்தார்.

அந்த நேரம், காலையிலிருந்து என்னைக் காணாமல் தேடிய எங்கள் மேற்பார்வையாளர் அம்மா கோபத்தோடு உள்ளே வந்தார். நான் அரிதட்டை முதுகுக்குப் பின்னால் மறைத்தேன். அவர் வாயைத் திறக்க முன்பே, "நான்தான் இவரை உதவிக்குக் கூப்பிட்டேன். தூசியைப் பற்றி இவருக்குத் தெரிந்தது எனக்குத் தெரியாது" என்று அந்த மனிதர் சொல்லிவிட்டார். அதை அண்ணைதான் என் காதில் சொன்னார். அம்மா திரும்பிப் போனார். என் வேலை தப்பியது.

பல வருடங்களுக்குப் பிறகு அண்ணை அந்தப் படத்தை வீடியோ கசட்டில் கொண்டுவந்தார். பேய் வரும் இடத்தில் கூட இருந்து பார்த்த எல்லோரும் பயந்தார்கள். நான் கண்ணாடியின் மேல் சட்டத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். இத்தனை வருடம் நான் துடைத்த இடமெல்லாம் மறுநாளே அழுக்காகிவிட்டது. அன்று என் கையால் தூவிய தூசி மட்டும், யாரும் துடைக்க முடியாமல், இன்றும் அந்தப் படத்துக்குள் அங்கேயே இருக்கிறது.