நடிக்க முடியாத முகத்தோடு ஜெபித்தேன்

போன மழைக்காலத்தில் ஒரு திங்கட்கிழமை காலை. கண்டியில் எங்கள் வீட்டில் பல் துலக்கும்போது, வாயில் வைத்த தண்ணீர் இடது பக்கமாக ஒழுகியது. கண்ணாடியைப் பார்த்தேன். முகத்தின் இடது பாதி தொங்கிப்போயிருந்தது. கண்களை மூடிப் பார்த்தேன். இடது கண் மூடவில்லை. பயத்தில் கத்தினேன்.

பிரியமானவர்களே, உங்களில் பலர் என்னைத் தொலைக்காட்சியில் பார்த்திருப்பீர்கள். தங்கச்சிமாருக்காகக் கல்யாணம் கட்டாமல் இருந்து, கிழமைக்கு ஐந்து நாளும் அழுகிற மூத்த அக்கா நான்தான். அந்த அழுகைதான் இத்தனை வருடம் எனக்குச் சோறு போட்டது.

பேராதனை ஆஸ்பத்திரியில் முகவாதம் என்றார்கள். மாத்திரை தந்தார்கள், கண்ணுக்குச் சொட்டு மருந்து தந்தார்கள். பெரும்பாலும் சுகமாகும், எப்போது, எவ்வளவு என்று சொல்ல முடியாது என்றார் டாக்டர். சீரியல் நடிகைக்கு முகத்தை விட்டால் வேறு என்ன இருக்கிறது? இயக்குநர் போன் பண்ணினார்.

"அக்கா, கோவிக்க வேணாம். நீங்க கொழும்புக்குப் போயிட்டதா கதையில சொல்லி ஒரு மாசம் சமாளிக்கிறேன். அதுக்கு மேல வேற ஆளத்தான் போடணும்."

இங்கே ஒன்றை ஒளிக்காமல் சொல்ல வேண்டும். சொல்ல வெட்கமாக இருக்கிறது. வெள்ளிக்கிழமைக் கூட்டங்களில் நான் ஜெபித்தபோது நீங்கள் அழுதீர்கள். "சிஸ்டருக்கு ஜெபத்தில என்ன பாரம்!" என்றீர்கள். எந்த இடத்தில் குரல் உடைய வேண்டும், எப்போது கண்ணீர் இறங்க வேண்டும் என்பதெல்லாம் எனக்கு அத்துப்படி. முழங்காலில் நிற்கும்போதும், கெமராவுக்குக் காட்டுகிற இடது கன்னத்தைத்தான் உங்கள் பக்கம் வைப்பேன். பொய்யாக ஜெபிக்கவில்லை. ஆனால் நான் எப்படித் தெரிகிறேன் என்பதை ஒரு நிமிடமும் மறந்ததில்லை. ஆண்டவர் என்னை மன்னிப்பாராக.

வியாதி வந்தபின் கூட்டத்துக்கு வரவில்லை. மூன்று கிழமையாகக் கதவைச் சாத்திக்கொண்டு கண்ணாடி முன்னால் இருந்தேன். ஜெபிக்க வாய் திறந்தால் கோணல்தான் தெரிந்தது. மூடிவிடுவேன்.

நான்காம் கிழமை ஒரு பகல், ஹுன்னஸ்கிரியவில் தேயிலைக் கொழுந்து பறிக்கிற, நம் கூட்டத்து ரோஸ்மேரி சிஸ்டர், ஒரு நாள் வேலையை விட்டுவிட்டு பஸ் ஏறி வந்தார். நான் சேலைத் தலைப்பால் முகத்தை மறைத்தேன்.

"என்னத்துக்கு மூடுறீங்க? ஒங்க மூஞ்சியப் பார்க்கவா நான் வந்தேன்? வாங்க, ஜெபம் பண்ணுவோம்" என்றார், கொஞ்சம் கோபமாகவே.

தரையில் உட்கார்ந்தோம். வார்த்தை குழறியது.

"அப்பா, எனக்கு ஏலாது. பயமா இருக்கு. என்னை விட்டுறாதீங்க."

இவ்வளவுதான். இதையே திரும்பத் திரும்பச் சொன்னேன். வேடத்தைக் கேட்கவில்லை; முகத்தைக்கூடக் கேட்க மறந்துவிட்டேன். எச்சில் வடிந்தது. துடைக்கத் தோன்றவில்லை.

ரோஸ்மேரி சிஸ்டர் என் தோளைப் பிடித்து உலுக்கினார்.

"சிஸ்டர், ஒங்க கண்ணு! ரெண்டும் மூடியிருக்கு!"

எப்போது மூடியது என்று எனக்குத் தெரியாது. ஜெப நேரத்தில் கண்ணைத் திறந்து பார்த்ததற்காக அவரை மன்னித்துவிட்டேன். கண்ணாடியிடம் ஓடவில்லை. இரண்டு கண்ணையும் மூடியபடியே ஸ்தோத்திரம் சொன்னேன்.

வாய் நேராக இன்னும் இரண்டு மாதம் பிடித்தது. மருந்தும் ஆண்டவர் தந்ததுதான்; டாக்டர்மாருக்கும் நன்றி சொல்கிறேன். அதற்குள் அக்கா வேடத்தில் வேறொருவர் வந்துவிட்டார். வருத்தமில்லை என்றால் அது பொய். இப்போது இன்னொரு தொடரில் பக்கத்து வீட்டுக்காரியாக வருகிறேன். சிரித்தால் வாய் சற்றே கோணும். அப்படியே எடுங்கள் என்று சொல்லியிருக்கிறேன்.

அழகாக ஜெபிக்கத் தெரியாதே என்று கூட்டத்தில் பின்னால் உட்கார்ந்திருக்கிறவர்களே, குழறினாலும் கூப்பிடுங்கள். அவர் கேட்கிறார். எனக்கு நாற்பத்தாறு வயதில்தான் ஜெபிக்க வந்தது. நீங்கள் அவ்வளவு காலம் எடுக்க வேண்டாம்.