கண்ணை மூடிக்கொண்டு ஐஸ் மேல் நின்றவன்

நாலு வருஷம் இருக்கும். கத்திரி வெயில், மீன்பிடித் தடைக்காலம். புதுச்சேரி, பாகூர் கொம்யூனில் கடலோரமாக இருக்கும் ஒரு ஐஸ் கம்பெனியில் நான் சூப்பர்வைசர். விசைப்படகெல்லாம் கரையில் கிடந்ததால் எங்களுக்கும் பாதி வேலைதான். சின்னப் படகுக்காரர்களுக்கும் மீன் விற்கிற பெண்களுக்கும் கொஞ்சம் ஐஸ் பார், பெரிய ஐஸ் கட்டி, போடுவோம், மற்ற நேரம் ஈ ஓட்டுவோம். அந்தச் சமயத்தில்தான் என் அக்கா மகன் பிரான்சிலிருந்து வந்தான்.

அக்காவைக் கட்டிக்கொடுத்தது சொல்தா குடும்பத்தில். பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்தவரை எங்கள் பக்கம் சொல்தா என்போம். அக்கா வீட்டுக்காரரின் அப்பா அப்படி இருந்தவர், அந்த வழியில் பிரெஞ்சுக் குடியுரிமை. கல்யாணமான கையோடு போய்விட்டார்கள். மலையடிவாரத்தில் ஒரு சின்ன ஊர். நம் பிள்ளைகள் கிரிக்கெட் மட்டையைத் தூக்குகிற மாதிரி அங்கே ஐஸில் சறுக்கக் கிளம்பிவிடுவார்களாம். இவனும் சின்ன வயதில் ஏறியவன், இறங்கவே இல்லை. பெரியவனானதும் ஐஸ் ஹாக்கியே அவன் தொழிலாகிவிட்டது.

தொழில் என்றதும் டிவியில் வருவானா என்று கேட்பார்கள். வரமாட்டான். அது பெரிய லீக்குக்குக் கீழே, அதற்கும் கீழே. கிளப் ஒரு ரூம் கொடுக்கும், கையில் ஏதோ கொடுக்கும். காலையில் ஒரு குடோனில் பெட்டி அடுக்குவான், சாயங்காலம் பயிற்சி, வாரக் கடைசியில் பஸ் ஏறி வேறு ஊரில் மேட்ச். வருஷா வருஷம் ஒப்பந்தம் போட்டால்தான் உண்டு. ஆனாலும் அந்த ஊர் ரொட்டிக் கடைக்காரம்மாவுக்குத் தன் பனியன் நம்பர் தெரியும் என்று சொல்லும்போது அவன் முகத்தைப் பார்க்கவேண்டும்.

அவன் கோல் போடுகிறவன் இல்லை. கோல் போடுகிற பையனை எதிர் டீம்காரன் இடித்தால், இவன் போய் அவனை இடிக்கவேண்டும். அதுதான் அவனுக்குக் கொடுத்த வேலை. எங்களுக்கு இதெல்லாம் எங்கே தெரியும்? வீடியோவில் அடிக்கடி இவன் மட்டும் ஒரு கண்ணாடித் தடுப்புக்குள் தனியாக உட்கார்ந்திருப்பான். பிள்ளைக்குத் தனி ரூமே போட்டுக் கொடுத்திருக்கிறார்கள் என்று எங்கள் பெரியப்பா கல்யாணப் பந்தியில் உட்கார்ந்து பெருமை பேசினார். அது தப்பு செய்தவனை உட்காரவைக்கும் கூண்டு என்று அவன் சிரித்துக்கொண்டே எனக்கு விளக்கினான். பெரியப்பாவிடம் போய்ச் சொல்ல எனக்கு மனசு வரவில்லை.

அந்த முறை வந்தவன் வீட்டுக்குள்ளேயும் கறுப்புக் கண்ணாடியைக் கழற்றவில்லை. ஃபாரின் ஸ்டைல் என்று ஆளாளுக்குக் கேலி. பக்கத்துத் தெருவில் மஞ்சள் நீராட்டுக்கு பேண்டு அடித்தபோது காதைப் பொத்திக்கொண்டு தோட்டத்துப் பக்கம் போனான். நடக்கும்போது சுவரைத் தொட்டுக்கொண்டே நடந்தான். குடிக்கிறான் போலிருக்கிறது என்று என் மனைவி கிசுகிசுத்தாள். எனக்கும் அந்தச் சந்தேகம் இருந்தது.

கம்பெனிக்கு வந்தால் மட்டும் தெளிந்துவிடுவான். ஐஸ் பார் அடுக்கிவைக்கும் அறை இருட்டாக, சில்லென்று இருக்கும். அங்கே போய் ஒரு சாக்கைப் போட்டு உட்கார்ந்துகொள்வான். ஒரு நாள் நானும் பக்கத்தில் உட்கார்ந்தேன். அப்போதுதான் சொன்னான். கடைசி மேட்சில் ஐஸைச் சுற்றியிருக்கும் தடுப்பில் தலை மோதியிருக்கிறது. அந்த வருஷத்தில் அது முதல் தடவையும் இல்லை. யாரிடமும் சொல்லாமல் விளையாடி முடித்துவிட்டு விமானம் ஏறிவிட்டான். திரும்பிப் போனதும் டாக்டர் பார்ப்பார், பார்த்த பிறகுதான் ஒப்பந்தம். ஒற்றைக் காலில் கண்ணை மூடி நிற்கச் சொல்வார்களாம். தலையில் அடி ஆறாதவனால் அப்படி நிற்க முடியாது. ஆறாத தலையில் இன்னொரு அடி பட்டால் எழுந்திருப்பது சந்தேகம். கூட விளையாடிய ஒருவனுக்கு இப்போது அவன் அம்மாதான் ஊட்டிவிடுகிறாளாம்.

வீட்டில் தரையில் நின்று பார்த்தானாம், சரியாக வரவில்லை. ஐஸ் மேல் நின்றால் என் கால் என்னை ஏமாற்றாது என்றான். அங்கே நேராக நின்றுவிட்டால் போய் டாக்டரை எப்படியோ சமாளித்துக் கையெழுத்துப் போடுவது, இல்லாவிட்டால் டாக்டரிடம் தானே உண்மையைச் சொல்லிவிடுவது என்று முடிவு செய்திருந்தான். கண்ணை மூடினால், எப்படி நிற்கிறோம் என்று அவனுக்கே தெரியாது. அதைப் பார்த்துச் சொல்லத்தான் நான்.

"அம்மா நான் எப்படி நின்னாலும் வோணாம்னுதான் சொல்லும். கூட ஆடறவனுங்க எப்படி நின்னாலும் வாடான்னுவானுங்க. நீ பாத்ததச் சொல்லு மாமா, போதும்."

மறுநாள் காலையில் வேலையாட்களை விட்டு, மேடையில் இரண்டு கட்டில் அளவுக்கு பார்களைச் சேர்த்துப் போட்டேன். இடுக்கில் தண்ணீர் ஊற்றினோம். ஐஸ் வாங்க வந்த பெண்கள் கூடையை இறக்கிவைத்துவிட்டு வேடிக்கை பார்த்தார்கள். அவன் பையிலிருந்து சறுக்கு பூட்ஸை எடுத்து மாட்டினான். சுவரைத் தொட்டு நடந்த பையன் ஐஸில் கால் வைத்ததும் வேறு ஆளாகிவிட்டான். இரண்டே தள்ளு, ஒரு திருப்பம், ஐஸ் தூள் பறந்து எங்கள் மேல் விழுந்தது. எல்லோரும் கை தட்டினார்கள். அவன் விளையாடி நான் நேரில் பார்த்தது அவ்வளவுதான். இவனால் எப்படி இதை விடமுடியும்?

நடுவில் வந்து நின்றான். கறுப்புக் கண்ணாடியைக் கழற்றி என்னிடம் கொடுத்தான். ஒரு காலைத் தூக்கிக் கண்ணை மூடினான்.

கொஞ்ச நேரம் நின்றான். பிறகு தோள் இடது பக்கம் போனது. இழுத்துப் பிடித்தான். மறுபடியும் போனது. இல்லாத சுவரைக் கை தேடியது. விழுவதற்குள் காலை ஊன்றிக்கொண்டான். அதுவும் ஒரு வித்தை என்று நினைத்து வேலையாட்கள் விசில் அடித்தார்கள்.

கண்ணைத் திறந்து என்னை மட்டும் பார்த்தான். "மாமா, நேரா நின்னனா?"

சூப்பர் தம்பி என்று பின்னால் யாரோ கத்தினார்கள். நின்றாய் என்று நான் சொல்லியிருந்தால் நம்பியிருப்பான். நம்பவேண்டும் என்றுதான் அந்த முகம் கெஞ்சியது. அதைச் சொல்லிவிடலாம் என்றுதான் வாயைத் திறந்தேன்.

"இல்ல மாப்ள. சாஞ்சிட்ட."

"செரி மாமா" என்றான். அவ்வளவுதான். அங்கேயே உட்கார்ந்து பூட்ஸ் கயிற்றை அவிழ்க்க ஆரம்பித்தான். முடிச்சு அவிழவில்லை. நான் குனிந்தேன், என் கையை மெதுவாக விலக்கிவிட்டான். பெண்கள் வெயில் ஏறுகிறது, ஐஸைக் கொடுங்கள் என்று சத்தம் போட்டார்கள். அவன் நின்ற பார்களைத்தான் கொடுத்தாகவேண்டும், வேறு இல்லை. யாரும் சொல்லாமலே கொக்கியை எடுத்து ஒவ்வொன்றாக இழுத்துக்கொண்டு போய் அரைக்கிற மெஷினில் அவனே தள்ளினான்.

திரும்பிப் போய் டாக்டரிடம் அவனாகவே சொன்னான். அவர் விளையாடவே கூடாது என்று எழுதிவிட்டார். கிளப் அந்த ரூமை வேறு பையனுக்குக் கொடுத்தது. இப்போது முழு நேரமும் குடோன்தான். தலைவலி குறைந்திருக்கிறது, கண்ணாடி இல்லாமல் வெளியே போகிறான். என் புள்ளைய எனக்குத் திருப்பிக் குடுத்துட்ட தம்பி என்று அக்கா போனில் அழும்.

அவனும் பொங்கலுக்குப் பொங்கல் பேசுவான். படகு, தடைக்காலம், கம்ப்ரசர் ரிப்பேர் என்று எல்லாம் கேட்பான், அந்தக் காலையைப் பற்றி மட்டும் பேசமாட்டான். போன பொங்கலுக்கு மனசு கேட்காமல், என் மேல் கோபமா என்று நானே கேட்டுவிட்டேன்.

"தெர்ல மாமா. நேரா நின்னன்னு நீ சொல்லியிருந்தா இன்னும் ஒரு வருசம் ஆடியிருப்பேன்" என்றான்.

நான் சொன்னது சரிதான் என்று எல்லோரும் சொல்கிறார்கள், எனக்கும் அது தெரியும்; ஆனாலும் அவன் அவ்வளவு ஆசைப்பட்ட அந்த ஒரு வருஷத்தை அவன் கையிலிருந்து பிடுங்கியவன் நான்தான் என்பது, ஒவ்வொரு பொங்கலுக்கும் அவன் போன் வரும்போது நெஞ்சில் வந்து உட்கார்ந்துகொள்கிறது.